ஆடியது 2 டெஸ்ட்தான்... கமெண்ட்ரி மைக் பத்ரிநாத்துக்குக் கிடைத்தது எப்படி?

நெய்வேலி டவுன்ஷிப்பில் நைட் ஷிஃப்ட்டுக்குக் கிளம்பும் அவசரத்திலும் போனில் மேட்ச் ஓடும். ஸ்கிரீனைப் பார்க்க நேரமில்லை, காது மட்டும் அங்கேயே இருக்கும். அந்தக் காதில் விழும் தமிழ்க் குரல்களில் ஒன்று, சுப்பிரமணியம் பத்ரிநாத்துடையது.

யார் இவர்?

தமிழ்நாடு ரஞ்சி அணியின் தூண். முதல்தரப் போட்டிகளில் 10,000 ரன்களுக்கு மேல் குவித்தவர். டிராவிட், லட்சுமண் காயமடைந்ததால் 2010-ல் நாக்பூர் டெஸ்ட்டில் இடம் கிடைத்தது. முதல் இன்னிங்ஸிலேயே 56. ஆனாலும் மொத்தம் 2 டெஸ்ட், 7 ஒருநாள், ஒரே ஒரு டி20. அந்த ஒரே டி20-யிலும் (2011, வெஸ்ட் இண்டீஸுக்கு எதிராக) ஆட்ட நாயகன் அவர்தான்! அதுக்கப்புறம் இந்தியாவுக்காக இன்னொரு டி20 ஆடவே இல்லை.

மைக் எப்படி வந்தது?

2017 மே மாதம் ஸ்டார் ஸ்போர்ட்ஸ் தமிழ் சேனல் தொடங்கியது. பத்ரிநாத் ஓய்வு பெற்றது 2018-ல். ஆங்கில கமெண்ட்ரியில் உலக நட்சத்திரங்களுக்கே இடம் தட்டுப்பாடு. தமிழுக்கோ சேப்பாக்கம் பிட்ச்சையும் நம்ம ஊர் லீக் கிரிக்கெட்டையும் அறிந்தவர்கள் தேவைப்பட்டார்கள். உள்ளூர் ஆட்டத்திலேயே ஊறியவருக்கு அது தோதான இடம்.

இவருக்கு முன்னோடி எல்.சிவராமகிருஷ்ணன். 17 வயதில் டெஸ்ட் அறிமுகம், 20 வயதில் கடைசி டெஸ்ட். 2000-ல் வங்கதேசத்தின் முதல் டெஸ்ட்டில் மைக் பிடித்தார். அதன்பின் ஆடிய காலத்தைவிடப் பேசிய காலமே அதிகம். ரக்பியிலும் இப்படி ஒருவர் உண்டு. காசநோயால் ஆட்டத்தை இழந்த ஸ்காட்லாந்தின் பில் மெக்லாரன், 2002 வரை பிபிசியின் ரக்பி குரலாக இருந்தார்.

ஆடத் தெரிந்தால் பேச வந்துவிடுமா?

வராது. பந்து பவுண்டரிக்குப் போவதை ரசிகரே பார்க்கிறார். ஏன் போனது, பவுலர் எங்கே தவறினார் என்பதை அடுத்த பந்துக்குள் சொல்லி முடிக்கணும். நடுவில் இயர்போனில் தயாரிப்பாளர் விளம்பர இடைவேளைக்கு எண்ணிக்கொண்டிருப்பார். இதில் 'கூக்ளி'க்குத் தமிழ்ச்சொல் தேடினால் ஓவரே முடிந்துவிடும். தமிழ் படித்த நானே சொல்கிறேன், கூக்ளி கூக்ளியாகவே இருக்கட்டும்.

ஒரு சிக்கலும் உண்டு. 2018-ல் உச்ச நீதிமன்றம் ஏற்ற பிசிசிஐ விதிகளில், வர்ணனையாளரும் தேர்வாளரும் ஒரே ஆளாக இருக்க முடியாது. தேர்வுக்குழு நாற்காலி வேண்டுமென்றால் மைக்கைக் கீழே வைக்கணும்.