காற்றுக்கு வழி விட்டவர்கள்

கோப்பி பழுக்கும் காலமும் மழை பிடிக்கும் காலமும் மாத்தளையில் ஒன்றுதான். ஐப்பசியில் தொடங்குகிற மழை மார்கழி தாண்டியும் ஓய்வதில்லை. கோப்பிப் பழம் சிவப்பதும் அந்த மாதங்களில்தான். 1830களின் கடைசியிலும் 1840களிலும் இந்த மலைகளில் காடு வெட்டிக் கோப்பி நட்ட வெள்ளைக்காரத் துரைமாருக்கு நிலம் கிடைத்தது, விலை கிடைத்தது, தென்னிந்தியாவிலிருந்து ஆளும் கிடைத்தது. பறித்த பழத்தைக் காய வைக்க வெயில்தான் கிடைக்கவில்லை.

மாத்தளையில் பல வருடம் வரலாறு படிப்பித்தவன் நான். தோட்டத்தில் பிறந்தவன். கோப்பிக் காலத்தைப் பற்றிப் பிள்ளைகளுக்குச் சொல்லும்போது எங்கள் ஆட்கள் நடந்து வந்த பாதையைத்தான் முதலில் சொல்வேன். கடல் கடந்து மன்னார்க் கரையில் இறங்கி, காட்டு வழியே தம்புள்ளை, நாலந்தை என்று நடந்து மாத்தளைக்கு வந்தார்கள். வாந்திபேதியிலும் காய்ச்சலிலும் வழியிலேயே விழுந்தவர்களுக்குக் கணக்கில்லை. 2023 ஜூலை 28ஆம் திகதி தலைமன்னாரில் புறப்பட்டு ஆகஸ்ட் 12ஆம் திகதி மாத்தளையில் முடிந்த நினைவு நடையில் அந்தப் பாதையை மறுபடி மிதித்தோம். வந்து சேர்ந்தவர்கள் என்ன வேலை செய்தார்கள் என்று கேட்டால் எல்லாரும் சொல்லும் பதில் ‘பழம் பறித்தார்கள்’. அது பாதி வேலை. மீதிப் பாதி, பறித்ததைப் பதப்படுத்தும் கட்டடமான ஸ்டோரில் நடந்தது. அந்தப் பாதியைப் பற்றி எழுதத்தான் இப்போது உட்கார்ந்திருக்கிறேன்.

பறித்த பழத்தை அன்றைக்கே தோல் உரிக்க வேண்டும். பிறகு தொட்டியில் ஊறப்போட்டு, கொட்டையில் ஒட்டியிருக்கும் வழுவழுப்புப் போகும்வரை கழுவ வேண்டும். அதன்பின் களத்தில் பரப்பிக் காய வைக்க வேண்டும். வெயில் தெரியும்போது பரப்பி, மேகம் கறுக்கும்போது அள்ளி, மறுபடி பரப்பி, மறுபடி அள்ளி, ஒரு பகலுக்குள் எத்தனை தடவை என்று சொல்ல முடியாது. அரைகுறையாகக் காய்ந்ததைக் குவித்து வைத்தால் உள்ளே சூடு ஏறும், புளித்த வாடை வரும், பூஞ்சணம் பிடிக்கும். மாட்டுவண்டியில் கண்டிக்கும் கொழும்புக்கும் போய்ச் சேருவதற்குள் மூட்டையோடு கெட்டுவிடும். கண்டிக்கு ரயில் வந்தது 1867இல், மாத்தளைக்கு 1880இல். அதுவரை வண்டிப் பாதைதான், அதுவும் மழையில்.

இந்த இடத்தில் ஒரு பெயரைச் சொல்ல வேண்டும். வில்லியம் கிளெரிஹியூ என்ற இலங்கைக் கோப்பித் தோட்டக்காரர், வெயிலை நம்பாமல் கோப்பி உலர்த்த ஒரு வழி கண்டுபிடித்தார். 1851இல் லண்டனில் நடந்த பெருங்கண்காட்சிக்கு அதன் மாதிரி போனது. யோசனை எளிமையானது. ஸ்டோரின் மேல்தளத்தைப் பலகையால் மூடாமல், காற்றுப் போகும் வகையில் இடைவெளி விட்ட தளமாக அமைத்து அதன்மேல் கோப்பியைப் பரப்புவது. விசிறியைச் சுழற்றி அறையிலிருக்கும் காற்றை வெளியே இழுத்தால், வெளிக்காற்று தளத்தின் ஊடாகக் கோப்பியைத் துளைத்துக்கொண்டு உள்ளே வரும். வரும்போது ஈரத்தையும் சேர்த்துக்கொண்டு போகும். காற்றைச் சற்றுச் சூடாக்கிவிட்டால் மழை நாளிலும் வேலை நடக்கும். ஈரத்தோடு போராட ஈரத்தைத் தொட வேண்டியதில்லை, காற்றை நகர்த்தினால் போதும் என்று கண்டுகொண்டது பெரிய விஷயம். அமெரிக்காவில் வில்லிஸ் கேரியர் புரூக்ளின் அச்சகம் ஒன்றுக்காக, ஈரத்தில் காகிதம் விரிந்து வண்ணம் பிசகாமலிருக்க, காற்றின் ஈரத்தைக் கட்டுப்படுத்தும் கருவியை வரைந்தது 1902இல். அதற்கு அரை நூற்றாண்டுக்கு முன்பே இலங்கை மலைநாட்டில் இந்த யோசனை பிறந்துவிட்டது.

கோப்பி ஸ்டோர்களின் மேல்தளத்தில் தும்புப்பாய் விரிப்பது வழக்கம். பலகையைப்போல அது காற்றை மறிக்காது. ஆனால் கோப்பியின் உள்தோல் உதிர்ந்து தூளாகும், கழுவியும் போகாத வழுவழுப்பு காய்ந்து செதிலாகும், இரண்டும் தும்பின் கண்களில் ஏறும். பாயின் கண் அடைந்தால் விசிறி எவ்வளவு சுற்றினாலும் பயனில்லை. காற்று திறப்புள்ள பக்கமாக ஓடிவிடும், கோப்பி ஈரத்தோடு கிடக்கும். பாயைத் தூக்கி உதறவும் அடிக்கவும் தண்ணீரில் அலசவும் யாரோ இருந்தார்கள். விசிறிக்குக் காப்புரிமை உண்டு. பாயை உதறியவர்கள் பேர்ப்பட்டியலில் ஒரு வரியாகவும் நாட்கூலிக் கணக்கில் ஒரு கோடாகவும் நின்றுபோனார்கள்.

1869இல் இலைநோய் வந்தது. இருபது வருடத்துக்குள் கோப்பி அழிந்தது. மாத்தளைத் துரைமார் சிலர் கொக்கோவுக்குத் திரும்பினார்கள், உயரத்தில் இருந்தவர்கள் தேயிலைக்கு. கொக்கோவையும் புளிக்க வைத்துக் கழுவி உலர்த்தித்தான் ஆக வேண்டும். தேயிலையில் உலர்த்துவதே தொழில். பறித்த கொழுந்தின் எடையில் முக்கால் பங்குக்கு மேல் தண்ணீர். பெட்டியில் அடைக்கும்போது அதில் நூற்றுக்கு மூன்று பங்கு அளவுதான் மிஞ்சும். இடையில் நடக்கிற எல்லாமே அந்தத் தண்ணீரை எப்போது, எந்த வேகத்தில் வெளியேற்றுவது என்பதுதான்.

தேயிலை ஸ்டோரை வெளியிலிருந்து பார்த்தவர்கள் அதன் மேல்மாடிகளில் வரிசையாக ஜன்னல் இருப்பதைக் கவனித்திருப்பார்கள். அவை வாட்டு மாடிகள். என் அப்பா இரத்தோட்டைப் பக்கத்துத் தோட்டமொன்றில் அந்த மாடியில் வேலை செய்தார். சட்டங்களில் சாக்குத் துணியை இழுத்துக் கட்டி, ஒன்றின்மேல் ஒன்றாகத் தட்டுகள் அடுக்கியிருக்கும். கொழுந்தை அதில் மெல்லிசாகத் தூவ வேண்டும். ஒன்றன்மேல் ஒன்று கிடந்தால் அடியிலிருப்பது வாடாது. ராத்திரி முழுக்க ஜன்னல் காற்றில் வாடும். மழைக் காலத்தில் ஜன்னலைச் சாத்திவிட்டு, கீழே உலர்த்தும் அடுப்பிலிருந்து வரும் சூட்டுக் காற்றை விசிறி வைத்து மேலே இழுப்பார்கள். கிளெரிஹியூவின் யோசனை கோப்பியோடு சாகவில்லை. எங்கள் அப்பா அதற்குள் நின்றுதான் வேலை செய்தார். கீழே இருந்த அடுப்புக்கும் ஒரு வரலாறு உண்டு. அசாம் பக்கம் தேயிலைத் துரையாக இருந்த சாமுவேல் டேவிட்சன் 1870களில் தொடங்கி அமைத்த சூட்டுக்காற்று இயந்திரம்தான் சிரோக்கோ. 1881இல் பெல்ஃபாஸ்டில் அவர் தொழிற்சாலை திறந்தார். அந்தப் பெயர் எங்கள் லயத்துப் பிள்ளைகளுக்கும் தெரியும்.

அப்பாவுக்குப் பிடிக்காத வேலை ஒன்று இருந்தது, அவர் ஒருநாளும் தட்டிக்கழிக்காத வேலையும் அதுதான். கொழுந்தின் சாறு சாக்கில் ஊறி, அதன்மேல் இலைத் தூள் ஒட்டி, தட்டு பிசினடித்துப் போகும். கறுத்த சாக்கில் காற்று ஏறாது. அந்தத் தட்டில் போட்ட கொழுந்து ஒரு பக்கம் வாடும், இன்னொரு பக்கம் புளிக்கும். கொழுந்து குறைந்த நாள் பார்த்துத் தட்டுகளைத் தேய்த்துத் துடைத்துக் காய வைப்பார்கள். நனைந்த சாக்கை அவசரத்தில் கட்டிவிட்டால் கழுவாமல் விட்டதைவிட மோசம், அந்த ஈரமும் கொழுந்தில்தான் ஏறும். மாடியில் ஒரு மூலையில் இரண்டு வெப்பமானிகள் தொங்கும். ஒன்றின் குமிழில் ஈரத்திரி சுற்றியிருக்கும். இரண்டுக்கும் வித்தியாசம் கூடினால் காற்று உலர்ந்திருக்கிறது, குறைந்தால் ஈரமாக இருக்கிறது என்று அர்த்தம். அதைப் பார்த்துத்தான் சூட்டுக் காற்றைத் திறப்பார்கள். திரியில் தூசி படிந்து விறைத்துவிட்டால் கணக்குப் பொய்யாகிவிடும்.

“திரி அழுக்கா இருக்குங்க ஐயா, மாத்திட்டுப் பார்த்தா நல்லதுங்க” என்று அப்பா ஸ்டோர் வேலையை மேற்பார்க்கும் டீமேக்கர் ஐயாவிடம் சொல்வாராம். எழுதப் படிக்கத் தெரியாத மனிதர். அந்தத் திரியைப் பற்றிப் படித்தவர்களுக்குச் சமமாக அவருக்குத் தெரியும்.

பின்னாளில் தட்டுகள் போய் நீளமான தொட்டிகள் வந்தன. ஒரு முனையில் பெரிய விசிறி, மேலே வலை, வலைமேல் கொழுந்து. வேலை சுருங்கியது. வலையைக் கூட்டுவதும் அதனடியில் விழுந்த இலையை அள்ளுவதும் மட்டும் அப்படியே இருக்கின்றன.

ஈரத்தைத் தடுக்கும் வேலை இந்த மாவட்டத்துக்குத் துரைமார் கொண்டுவந்ததும் இல்லை. தம்புள்ளைக் குகைகளின் நெற்றியில் பாறையை வெட்டி ஒரு வரம்பு இட்டிருக்கிறார்கள். மேலிருந்து வழியும் மழைநீர் அந்த வரம்பில் தடைபட்டு வெளியே சொட்டும், உள்ளே போகாது. அதன் கீழேயே பிராமி எழுத்தில் கொடைச் செய்தி வெட்டியிருக்கிறது, அவ்வளவு பழையது. மாத்தளைக்குப் பக்கத்து அலுவிகாரையில் கி.மு. முதல் நூற்றாண்டில் வலகம்பா மன்னன் காலத்தில் பௌத்தத் திரிபிடகம் ஏட்டில் எழுதப்பட்டது. தாளிப்பனை ஓலையை அவித்து, காய வைத்து, எழுத்தாணியால் கீறி, கரியும் பிசின் எண்ணெயும் பூசித் துடைத்தால் எழுத்துத் தெரியும், பூச்சியும் அண்டாது. 1848இல் ஆங்கில ஆட்சிக்கு எதிராக எழுந்த கலவரத்தின்போது அங்கிருந்த ஏடுகள் அழிந்துபோயின. ஈரத்திலிருந்தும் பூச்சியிலிருந்தும் தலைமுறை தலைமுறையாகக் காத்ததை ஆயுதம் ஏந்தியவர்கள் சில நாட்களில் முடித்துவிட்டார்கள். அதை நினைக்கும்போதெல்லாம் எனக்கு மனம் கொதிக்கும்.

எனக்கும் காக்க வேண்டிய காகிதங்கள் இருக்கின்றன. தோட்டத்துப் பழைய துண்டுச் சீட்டுகள், பிரஜாவுரிமை விண்ணப்பப் பிரதிகள், பள்ளிக்கூடப் பதிவுகள். அதற்காக மகன் கொழும்பிலிருந்து ஒரு டீஹியூமிடிஃபயர் வாங்கி வந்தான். உள்ளே விசிறி அறைக் காற்றை இழுக்கிறது, குளிர்ந்த குழாய்ச் சுருளில் பட்டு ஈரம் நீராகி வாளியில் சொட்டுகிறது. காற்று நுழையும் வாயில் ஒரு வடிகட்டி வலை. அதில் தூசி அடைத்தால் சுருளுக்குப் போதிய காற்று போகாது, சுருளில் பனி படியும், கரண்டுச் செலவு ஏறும், வாளியில் தண்ணீர் குறையும். இரண்டு வாரத்துக்கு ஒருமுறை பிளக்கைக் கழற்றிவிட்டு வலையை எடுக்கிறேன். மெல்லிய தூரிகையால் தூசியைத் தட்டி, வெதுவெதுப்பான நீரில் அலசி, நிழலில் உலர்த்துகிறேன். வெயிலில் போட்டால் பிளாஸ்டிக் சட்டம் வளையும். முழுதும் காயாமல் மாட்டக் கூடாது என்று இயந்திரத்தோடு வந்த புத்தகத்தில் அச்சிட்டிருக்கிறது. நனைந்த சாக்கைக் கட்டாதே என்று அப்பா சொன்னதை அதில் அப்படியே கண்டேன்.

மகனிடம் இதைச் சொன்னேன். “தாத்தாவுக்கு இதெல்லாம் யாரு சொல்லிக் கொடுத்தாங்க அப்பா?” என்று கேட்டான். மாடியில் அவருக்கு முன்னால் நின்றவர், அவருக்கு அதற்கு முன்னால் நின்றவர். அப்படியே பின்னோக்கிப் போனால் தும்புப்பாய் உதறிய கோப்பிக் காலத்து ஆளிடம் போய் நிற்கும் என்று நம்புகிறேன். தாளில் அதற்குச் சான்று கிடையாது; கைப்பழக்கம் கை மாறுவதை யாரும் பதிவேட்டில் எழுதுவதில்லை.

கண்டிக்குப் பக்கத்தில் ஹந்தானையில், பழைய தேயிலை ஸ்டோரிலேயே தேயிலை அருங்காட்சியகம் இருக்கிறது. அங்கே இயந்திரங்களைத் துடைத்து மினுக்கி வைத்திருக்கிறார்கள். கம்பளைப் பக்கம் நியூ பீக்கொக் தோட்டத்தில் தொழிலாளர்களுக்கென்றே ஒரு லயத்தில் அருங்காட்சியகம் அமைத்திருக்கிறார்கள். வாட்டு மாடியில் வேலை செய்தவர்கள் மாத்தளை, இரத்தோட்டை, எல்கடுவப் பக்கங்களில் இன்னும் சிலர் உயிரோடு இருக்கிறார்கள். தட்டை எதைக் கொண்டு தேய்த்தீர்கள், எத்தனை நாளுக்கொரு தடவை, சாக்கு எப்போது மாற்றினீர்கள், திரிக்குத் துணி எங்கிருந்து வந்தது என்று அவர்களிடம் கேட்டு எழுதத் தொடங்கியிருக்கிறேன். பென்ஷன் நாட்களில் எனக்கு வேறு வேலை வேண்டாம். அடுத்த மழைக்கு முன் எல்கடுவப் பக்கம் போக வேண்டும். அங்கே சிரோக்கோ வாயிலில் நின்ற ஒருவர் இருக்கிறாராம், காது மட்டும் கொஞ்சம் மந்தம் என்றார்கள்.