முட்டை ஓய்ந்த கோழி

அமெரிக்காவின் தென் மாநிலங்களில் ஒரு காலத்தில், பண்ணை வீட்டு முற்றத்தில் மேய்ந்த பெட்டைக்கோழியை அவசரப்பட்டு யாரும் அறுத்துவிட மாட்டார்கள். அது முட்டையிடும் வரை வீட்டுக்கு வருமானம். முட்டையைக் கூடையில் கடைக்குக் கொண்டுபோய்க் கொடுத்துவிட்டு, பதிலுக்கு உப்பும் காப்பிக்கொட்டையும் துணியும் வாங்கி வருவார்கள். அந்த முட்டைக் காசு பெரும்பாலும் வீட்டுப் பெண்களின் கைக்காசு. கணவன் கணக்குக் கேட்காத பணம். வயதாக ஆக முட்டை குறையும், பிறகு நின்றே போகும். அதற்குப் பிறகுதான் ஒரு ஞாயிற்றுக்கிழமை அந்தக் கோழியின் முறை வரும்.

முட்டை ஓய்ந்த கோழியின் கறியைப் பொரித்தால் பல்லுக்கு அசையாது, சுட்டாலும் நார்நாராக நிற்கும். மூன்று மணி நேரம் சிறு தீயில் தண்ணீரில் கிடந்தால்தான் எலும்பை விட்டுக் கழன்று வரும். ஆனால் அந்த மூன்று மணி நேரத்தில் தண்ணீருக்குள் இறங்கும் ருசி இளங்கோழியிடம் கிடையாது. அந்தச் சாற்றிலேயே கோதுமை மாவைப் பிசைந்து போட்டு வேகவிட்டார்கள். பால் கொழுக்கட்டை பாலிலேயே வெந்து அந்தப் பாலையும் கெட்டியாக்குவதுபோல, இந்த மாவும் சாற்றைக் குடித்து, தன் மாவை அதில் கரைத்து, தண்ணீராக இருந்ததைக் குழம்பாக்கிவிடும். ஒரே கோழியில் ஒரு பெரிய குடும்பத்தின் வயிறு நிறையும். சிக்கன் அண்ட் டம்ப்ளிங்ஸ் என்று அமெரிக்கர்கள் உருகிப் பேசும் உணவு இப்படி அமைந்தது.

1929-க்குப் பிறகு வந்த பொருளாதாரப் பெருமந்தத்தில்தான் இது பிறந்தது என்று பலர் எழுதுகிறார்கள். இதை என்னால் ஏற்க முடியவில்லை. பஞ்சகாலம் இதைப் பலர் வீட்டுக்குக் கொண்டுபோயிருக்கலாம், பெற்றெடுக்கவில்லை. 1928 அமெரிக்கத் தேர்தலில் ஹெர்பர்ட் ஹூவருக்காக அவருடைய குடியரசுக் கட்சிக்காரர்கள் கொடுத்த ஒரு பத்திரிகை விளம்பரம், ஒவ்வொரு வீட்டுப் பானையிலும் கோழி என்று பெருமையடித்துக்கொண்டது. பானையில் கோழி இருப்பதே வளமையின் அடையாளம் என்று வாக்காளர் நினைத்த காலம் அது. பரம ஏழையின் அன்றாடச் சாப்பாடாக இது எப்படி இருந்திருக்கும்? கோழி வளர்க்க முற்றம் உள்ளவர்கள், விருந்தாளி வரும்போதோ ஞாயிறன்றோ சமைத்த உணவு இது.

இதன் வேர்கள் பெருமந்தத்தைவிட மிகப் பழையவை. மாவு உருண்டையைக் கொதிநீரில் வேகவைக்கும் வழக்கம் இங்கிலாந்திலிருந்து குடியேறியவர்களோடு கப்பலேறி வந்தது. லண்டனில் 1747-இல் ஹன்னா கிளாஸ் வெளியிட்ட சமையல் நூலிலேயே நார்ஃபோக் டம்ப்ளிங்குக்குச் செய்முறை உண்டு. ஜெர்மனியின் பாலாட்டினேட் பகுதியிலிருந்து 18ஆம் நூற்றாண்டில் பென்சில்வேனியாவுக்குப் போனவர்கள், மாவைத் தேய்த்துச் சதுரமாக வெட்டிக் கோழிச்சாற்றில் போடும் பழக்கத்தை வளர்த்தார்கள். பாட் பை என்ற பெயரில் அது இன்றும் அங்கே இருக்கிறது. சில வீடுகளில் குங்குமப்பூவும் சேர்ப்பார்கள்.

கோழியின் வழி வேறு. கொலம்பஸின் இரண்டாம் பயணத்தில், 1493-இல், ஐரோப்பியக் கோழிகள் கரீபியன் தீவுகளுக்கு வந்திறங்கின. பிறகு குடியேறியவர்களோடு பெருநிலத்துக்கும் பரவின. அங்கே அவற்றை வளர்த்த கைகளைப் பற்றி சமையல் நூல்கள் அதிகம் பேசுவதில்லை. வர்ஜீனியாவில் 1692-இல் ஒரு சட்டம் போட்டார்கள். அடிமைகளின் குறி போட்ட குதிரை, மாடு, பன்றி எல்லாவற்றையும் எசமானர்கள் எடுத்துக்கொள்ள வேண்டும் என்றது அது. அந்தப் பட்டியலில் கோழி இல்லை. சட்டம் பொருட்படுத்தாமல் விட்ட அந்தச் சிறு பறவை, உரிமை எதுவுமற்ற மனிதர்கள் தமதென்று வைத்துக்கொள்ளக்கூடிய சிலவற்றுள் ஒன்றாயிற்று. அமெரிக்கக் குடியரசுத் தலைவராக இருந்த தாமஸ் ஜெஃபர்சனின் மாண்டிசெல்லோ மாளிகையின் வீட்டுக் கணக்கேடுகள் கிடைத்திருக்கின்றன. அந்த வீட்டுப் பெண்கள், தங்கள் அடிமைகளிடமிருந்தே கோழியும் முட்டையும் காசு கொடுத்து வாங்கியதை அவற்றில் எழுதி வைத்திருக்கிறார்கள். பகலெல்லாம் எசமானின் வயலில் உழைத்துவிட்டு, மிஞ்சிய நேரத்தில் வளர்த்த கோழி அது. பெரிய தோட்ட வீடுகளின் அடுப்படியில் நின்று கோழியை வேகவைத்து மாவைப் பிசைந்தவர்களும் அடிமைப்படுத்தப்பட்ட கறுப்பினப் பெண்களும் ஆண்களுமே. தெற்கத்திச் சமையல் என்று இன்று கொண்டாடுகிறவர்கள் அவர்களைச் சொல்லாமல் கடந்துபோவது அநியாயம்.

இனி மாவு. டம்ப்ளிங்கில் இரண்டு சாதி உண்டு; இரண்டின் ஆதரவாளர்களும் அமெரிக்காவில் இன்றும் சண்டை போடுகிறார்கள். ஒன்று, மாவைத் தேய்த்துப் பட்டையாக வெட்டிப் போடுவது. அப்பலாச்சிய மலைப்பகுதியில் இதை ஸ்லிக்ஸ் என்பார்கள், டெலவேர் மாநிலத்தில் ஸ்லிப்பரி டம்ப்ளிங்ஸ், வட கரோலினாவில் சிக்கன் பேஸ்ட்ரி. வழுவழுவென்று, மெல்ல இதமாக இருக்கும். இன்னொன்று, தளர்ந்த மாவைக் கரண்டியால் எடுத்துக் கொதிக்கும் சாற்றின் மேல் விடுவது. அது பஞ்சுபோல் உப்பி மிதக்கும்.

பட்டைக்கு மாவும் கொழுப்பும் சாறும் போதும். பஞ்சு உருண்டைக்கு வேதியியல் வேண்டியிருந்தது. 1796-இல் அமீலியா சிம்மன்ஸ் எழுதிய அமெரிக்கச் சமையல் நூலில், மரச்சாம்பலிலிருந்து எடுத்த பேர்லாஷ் என்னும் காரத்தன்மையுள்ள (அல்கலி) பொடியை மாவில் கலக்கச் சொல்லியிருக்கிறார். மாவு உப்பும், ஆனால் அளவு தப்பினால் சோப்பு வாடை அடிக்கும். 1846-இல் ஜான் டுவைட்டும் ஆஸ்டின் சர்ச்சும் சமையல் சோடாவை விற்கத் தொடங்கினார்கள். சோடாவுக்குப் புளிப்பு வேண்டும், அதனால் மோர் சேர்த்தார்கள். 1850-களில் ஹார்வர்டு வேதியியலர் எபன் ஹார்ஸ்ஃபோர்டு, மாட்டெலும்பிலிருந்து ஒரு பாஸ்பேட் உப்பைப் பிரித்தெடுத்து, சோடாவோடு சேர்க்கும் புளிப்புப் பொடியாக்கினார். பேக்கிங் பவுடர் வீட்டுக்கு வந்தது அந்த வழியில். ஈரம் பட்டதும் கொஞ்சம், சூடு பட்டதும் மீதி என்று இருமுறை காற்றை வெளிவிடும் இன்றைய பேக்கிங் பவுடர்தான் கரண்டி டம்ப்ளிங்கை எந்த வீட்டிலும் சாத்தியமாக்கியது. ஆகவே பேக்கிங் பவுடரால் உப்பும் உருண்டையைவிடப் பட்டைதான் மூத்தது. எனக்கு அதன்மேல்தான் பற்று அதிகம். கோழியின் ருசியை மறைக்காமல் சுமந்து வருவது அது.

கோதுமையும் சாதாரணக் கோதுமை இல்லை. தெற்கில் விளைவது பசைப்புரதம் குறைந்த மென்கோதுமை. டென்னசி மாநிலத்து நாக்ஸ்வில்லில் 1883-இல் தொடங்கிய ஒயிட் லில்லி ஆலை அந்த மாவை வீடுதோறும் கொண்டுபோய்ச் சேர்த்தது. அந்த மாவில் செய்தால் டம்ப்ளிங் இறுகாது. ரொட்டிக்கான வன்கோதுமை மாவில் செய்தால் ரப்பராகிவிடும்.

மலையைச் சுற்றிக்கொண்டு ஒரு பெண் வரப்போகிறாள் என்று அமெரிக்கக் குழந்தைகள் எல்லாம் பாடும் ஒரு நாட்டுப்புறப் பாட்டு உண்டு. கறுப்பின மக்களின் பக்திப் பாடலொன்றிலிருந்து கிளைத்தது அது. 1927-இல் கவிஞர் கார்ல் சாண்ட்பர்க் தம் நாட்டுப்புறப் பாடல் தொகுப்பில் அதைச் சேர்த்தார். இன்று பரவலாகப் பாடப்படும் வடிவில், அவள் வந்ததும் வயதான சிவப்புச் சேவலை அறுப்பார்கள், எல்லாரும் உட்கார்ந்து கோழியும் டம்ப்ளிங்கும் சாப்பிடுவார்கள். சேவல் வயதானது என்பதைப் பாட்டும் மறக்கவில்லை.

ஆனால் அந்தப் பாட்டு அச்சேறுவதற்குள், கிழட்டுக் கோழிக்கு முடிவு தொடங்கிவிட்டது. டெலவேரின் ஓஷன் வியூ ஊரில் 1923-இல் செசில் ஸ்டீல் என்ற பெண் முட்டைக்காக 50 குஞ்சு கேட்டார். தவறுதலாக 500 வந்து சேர்ந்தன. திருப்பி அனுப்பாமல் வளர்த்து, இளசாகவே கறிக்கு விற்றார். லாபம் கண்டதும் பெருக்கினார். 1926-இல் அவரிடம் 10,000 கோழிகளுக்குக் கொட்டகை இருந்தது. பிராய்லர் தொழில் அங்கிருந்து கிளம்பியது. 1948-இல் ஏ அண்ட் பி கடைக் குழுமத்தின் ஆதரவோடு, நாளைய கோழி என்ற தேசியப் போட்டியே நடத்தி, மார்பு பருத்த, விரைவில் வளரும் இனங்களைத் தேர்ந்தெடுத்தார்கள். 1925-இல் 112 நாள் வளர்ந்து ஒரு கிலோவைச் சற்றே தாண்டிய அமெரிக்கக் கறிக்கோழி, இன்று ஏறத்தாழ 47 நாளில் மூன்று கிலோவை நெருங்குகிறது.

கறி மலிந்தது, எல்லார் தட்டுக்கும் வந்தது. அதைக் குறை சொல்ல மாட்டேன். ஆனால் 47 நாள் குஞ்சுக்கு மூன்று மணி நேர அடுப்பு தேவையில்லை, அது தாங்கவும் தாங்காது. முக்கால் மணி நேரத்தில் வெந்துவிடும், அதற்குமேல் போனால் மார்புக்கறி தவிடாகிவிடும். சாறு வெளுத்துப் போகும். முட்டைக்கூடங்களில் ஓய்ந்த கோழிகள் வீட்டு அடுப்புக்கு வருவது அருகி, சூப் தொழிற்சாலைகளுக்கும் செல்லப்பிராணித் தீவனத்துக்கும் போய்ச் சேர்ந்தன. 1931-இல் பிஸ்குவிக் என்ற தயார் மாவு வந்தது. பிறகு டப்பாவில் அடைத்த சிக்கன் அண்ட் டம்ப்ளிங்ஸ், பிறகு உறைய வைத்த பட்டைகள். 1969-இல் டென்னசியில் முளைத்த கிராக்கர் பேரல் உணவகம் நெடுஞ்சாலை நெடுக இதைப் பரிமாறுகிறது. பிராய்லர் பிறந்த அதே டெலவேரில், தேவாலயங்களிலும் ஊர்த் தீயணைப்புக் குழுக்களின் கூடங்களிலும் நன்கொடை விருந்துக்கு ஸ்லிப்பரி டம்ப்ளிங் இன்னும் வேகிறது. குழம்பின் பெயர் மாறவில்லை, அதற்குள் இருக்கும் கோழி மாறிவிட்டது.

வீட்டில் செய்ய விரும்புகிறவர்கள் கோழியிலிருந்து தொடங்க வேண்டும், மாவிலிருந்து அல்ல. இரண்டு கிலோ அளவுள்ள முதிர்ந்த கோழியை முழுதாக, தோலோடும் கழுத்தோடும் பானையில் வைத்து, மூழ்கும்வரை குளிர்ந்த நீர் ஊற்றுங்கள். வெங்காயம், கேரட், செலரித் தண்டு, ஒரு பிரிஞ்சி இலை, மிளகு போதும். முதலில் பொங்கும் நுரையை எடுத்துவிட்டு, தீயை வெகுவாகக் குறையுங்கள். தளதளவென்று கொதித்தால் சாறு கலங்கும். அங்கொன்றும் இங்கொன்றுமாகக் குமிழி வந்தால் சரி. முதிர்ந்த கோழியின் மூட்டிலும் தோலிலும் உள்ள கொலாஜன், இந்த மெதுவான சூட்டில் ஜெலட்டினாகக் கரையும். ஆறினால் அசையாமல் உறைகிற சாறே நல்ல சாறு. அவசரமென்றால் குக்கரில் ஒரு மணி நேரத்துக்குள் முடிக்கலாம். டம்ப்ளிங்கை மட்டும், சாற்றை வாய் அகன்ற பானைக்கு மாற்றி அதில் வேகவிடுங்கள். மேலே மஞ்சளாக மிதக்கும் கொழுப்பைக் கொட்டிவிடாதீர்கள், மாவுக்கு அது வேண்டும். கறியை எலும்பிலிருந்து பிய்த்து வைத்துக்கொண்டு, சாற்றை வடிகட்டுங்கள்.

பட்டைக்கு 250 கிராம் மைதா, உப்பு, மூன்று மேசைக்கரண்டி கோழிக்கொழுப்பு, கட்டியாகப் பிசையும் அளவுக்கு வெதுவெதுப்பான சாறு. அரை மணி நேரம் மூடி வைத்து, சப்பாத்திக்கட்டையால் மூன்று மில்லிமீட்டர் கனத்துக்குத் தேய்த்து, இரண்டு விரல் அகலத்தில் வெட்டுங்கள். மேலே தூவிய மாவைத் தட்டிவிட வேண்டாம். குழம்பைக் கெட்டியாக்குவது அதுதான். கொதிக்கும் சாற்றில் ஒவ்வொன்றாகப் போடுங்கள், மொத்தமாகக் கொட்டினால் ஒட்டிக் கட்டியாகிவிடும். கால் மணி நேரம் போதும்.

பஞ்சு உருண்டைக்கு அதே 250 கிராம் மாவில் ஒரு மேசைக்கரண்டி பேக்கிங் பவுடர், உப்பு, கொழுப்பு, சுமார் 180 மில்லி பால். கலந்ததும் கையை எடுத்துவிடுங்கள். பிசையப் பிசையப் பசைப்புரதம் இறுகும். கரண்டியால் சாற்றின்மேல் விட்டு, இறுக மூடிக் கால் மணி நேரம் திறக்காதீர்கள். உருண்டையின் கீழ்ப்பாதியைச் சாறு வேகவைக்கும், மேல்பாதியை ஆவிதான் வேகவைக்க வேண்டும். நடுவில் திறந்து பார்த்தால் மேலே பச்சை மாவு தங்கும். கடைசியாகக் கறியைச் சேர்த்து, மிளகைத் தாராளமாகத் தூவி இறக்குங்கள்.

நாமக்கல் பண்ணைகளில் ஒன்றரை வயதைத் தாண்டி முட்டை குறைந்த கோழிகளைக் கறிக்கு விற்றுவிடுகிறார்கள். பிராய்லருக்குப் பழகிய நாம் அவற்றை ரப்பர் என்று ஒதுக்குகிறோம். இந்தக் குழம்புக்கு ஏற்ற கறி அவற்றுடையதே. செய்து பார்க்க நினைத்தால், கடைக்காரரிடம் முட்டைக்கோழி கேட்டு வாங்குங்கள், மதியச் சாப்பாட்டுக்குக் காலை ஒன்பது மணிக்கே அடுப்பில் ஏற்றிவிடுங்கள்.