ரோபோ சங்கர்

ரோபோ சங்கர் (24 டிசம்பர் 1978 – 18 செப்டம்பர் 2025) தமிழ்த் திரைப்பட நகைச்சுவை, குணச்சித்திர நடிகர், பலகுரல் கலைஞர். டிஸ்னியின் 'தி லயன் கிங்' படத்தின் தமிழ் வடிவத்தில் பும்பா என்னும் காட்டுப்பன்றிக்குக் குரல் கொடுத்தவர். இவர் தோன்றிய விஜய் தொலைக்காட்சி, ஆஸ்ட்ரோ என்னும் கட்டணத் தொலைக்காட்சிச் சேவை வழியாக மலேசியாவிலும் ஒளிபரப்பானதால், பிரிக்ஃபீல்ட்ஸ், கிள்ளான் வட்டாரத் தமிழ் வீடுகளுக்கும் அறிமுகமான முகம்.

மேடை

பிறந்த ஊர் மதுரை. மேடைக் கலைநிகழ்ச்சிகளில் உடம்பெங்கும் வெள்ளிச் சாயம் பூசிக்கொண்டு, இயந்திர மனிதனைப் போல மூட்டு மூட்டாக வெட்டி ஆடுவார். பெயருக்கு முன்னால் 'ரோபோ' ஒட்டிக்கொண்டது அந்த ஆட்டத்தால்தான். அதில் பேச்சுக்கு இடமில்லை, முகமும் அசையக் கூடாது. கழுத்தும் தோளும் மணிக்கட்டுமே ஆளைச் சிரிக்க வைக்க வேண்டும். இந்த உடல் பழக்கம் பலகுரலிலும் கைகொடுத்தது. பலகுரல் கலைஞர்கள் பலர் குரலோடு நின்றுவிடுவார்கள். இவர் நடிகர் விஜயகாந்தாகப் பேசத் தொடங்கினால் நடையும் கையோங்கும் வேகமும் சேர்ந்தே வரும்.

விஜய் தொலைக்காட்சியின் 'கலக்கப் போவது யாரு' இவரைப் பரவலாகத் தெரியவைத்தது. 'அது இது எது' நிகழ்ச்சியின் 'சிரிச்சா போச்சு' சுற்றில் விருந்தினர் சிரிப்பை அடக்கிக்கொண்டு உட்கார்ந்திருக்க வேண்டும். அவர்களைத் தோற்கடிப்பதுதான் இவர் வேலை. தொலைக்காட்சி நகைச்சுவையில் இவ்வளவு கடினமான தேர்வு வேறில்லை.

திரைப்படங்கள்

'இதற்குத்தானே ஆசைப்பட்டாய் பாலகுமாரா' (2013) கவனம் பெற்றுத் தந்தது. பாலாஜி மோகன் இயக்கிய 'வாயை மூடி பேசவும்' (2014) படத்தில் குடிகாரர் சங்கத் தலைவராக நடித்தார். ஊரே பேச்சிழக்கும் கதை அது. பிற்பகுதி பெரும்பாலும் வசனமின்றி நகர்கிறது. குரலால் பேர் வாங்கியவருக்கு, பழைய மேடை ஆட்டத்தின் உடல்மொழி அங்கே துணை நின்றது. அதே இயக்குநரின் 'மாரி' (2015), 'மாரி 2' (2018) படங்களில் தனுஷின் கையாள் சனிக்கிழமையாக வந்தார். 'வேலைன்னு வந்துட்டா வெள்ளைக்காரன்' (2016), 'விஸ்வாசம்' (2019) ஆகியவை பிற படங்கள்.

பும்பாவின் குரல்

ஜான் ஃபாவ்ரோ இயக்கத்தில் 2019 ஜூலையில் வெளியான 'தி லயன் கிங்' கணினியில் உருவான அசைவூட்டப் படம். 1994ஆம் ஆண்டின் மூலப் படத்தில் விலங்குகள் புருவம் தூக்கும், உதடு பிதுக்கும். புதிய படத்திலோ நிஜக் காட்டு விலங்கின் முகம், உணர்ச்சி பெரிதாகத் தெரியாது. முகம் விட்ட இடத்தைக் குரல் நிரப்ப வேண்டும். வசனமும் வாயசைவுக்குள் அடங்க வேண்டும். தமிழில் பும்பாவுக்கு ரோபோ சங்கரும், இணைபிரியாத் தோழன் டிமோனுக்குச் சிங்கம்புலியும் பேசினார்கள். ஆங்கிலத்தில் பும்பாவாகப் பேசியவர் சேத் ரோகன். நட்சத்திரக் குரல்கள் தேவையா என்ற பேச்சு ஒவ்வொரு மொழிமாற்றுப் படத்துக்கும் எழுவதுண்டு. இந்த இணையைப் பொறுத்தவரை அதற்கு இடமில்லை. ஒருவரை ஒருவர் காலை வாரும் தமிழ்ப்பட நகைச்சுவைப் பேச்சு, ஆப்பிரிக்கக் காட்டில் இயல்பாகவே பொருந்தியது. 'முஃபாசா: தி லயன் கிங்' (டிசம்பர் 2024) படத்திலும் இருவருமே தொடர்ந்தனர்.

2023இல் மஞ்சள் காமாலையால் உடல் மெலிந்து, மீண்டு வந்து நடித்தார். 46ஆம் வயதில் சென்னையில் காலமானார். மகள் இந்திரஜா 'பிகில்' (2019), 'விருமன்' (2022) படங்களில் நடித்துள்ளார்.