கருவுற்ற பெண்களும் வளர்ப்பு விலங்குகளின் நடத்தையும்

வீட்டில் வளர்க்கப்படும் நாய், பூனை முதலிய விலங்குகள், தம்மை வளர்க்கும் பெண் கருவுற்றிருப்பதை உணர்ந்து நடத்தையை மாற்றிக்கொள்கின்றன என்னும் கருத்து பல நாடுகளில் காணப்படுகிறது. வழக்கத்தை விட நெருங்கியிருத்தல், வயிற்றை முகர்தல், பின்தொடர்தல், அயலாரைக் கண்டு குரைத்தல் ஆகியன இதற்குச் சான்றாகக் கூறப்படுகின்றன. கருவுற்ற பெண்ணின் உடலிலும் அன்றாட வாழ்விலும் ஏற்படும் மாற்றங்களை விலங்குகளின் புலன்கள் கண்டறியக்கூடியவை. ஆனால் அம்மாற்றத்தின் பொருள் "குழந்தை பிறக்கப்போகிறது" என்று அவை அறிவதாகக் கொள்ள இடமில்லை. ஆகவே விலங்கின் நடத்தையைக் கருவுறுதலுக்கான சோதனையாகக் கொள்ள முடியாது.

புலனறிவின் அடிப்படை

மோப்பம்

மனிதரின் மூக்கில் ஏறத்தாழ 50 முதல் 60 இலட்சம் மண உணர்விகள் உள்ளன. நாயின் மூக்கில் இவை 20 கோடிக்கும் மேல் உள்ளன. இவை தவிர, மூக்கறையின் அடிப்பகுதியில் யாக்கோப்சன் உறுப்பு என்னும் தனி உணர்வுறுப்பும் பல விலங்குகளுக்கு உண்டு. காளை, பசுவின் சிறுநீரை முகர்ந்தபின் தலையை உயர்த்தி மேலுதட்டைச் சுருட்டுவது இவ்வுறுப்புக்கு மணப்பொருள்களைச் செலுத்துவதற்கே ஆகும். பூனையும் வாயைச் சற்றே திறந்து இவ்வாறு செய்வதுண்டு.

கருவுற்ற பெண்ணின் உடலில் எச்.சி.ஜி., புரோஜெஸ்டிரோன், ஈஸ்ட்ரோஜன் ஆகிய இயக்குநீர்களின் அளவு உயர்கிறது. இவற்றுள் எச்.சி.ஜி. என்பது கருத்தரித்து ஏறத்தாழ இரண்டு வாரங்களில் சிறுநீரில் கண்டறியப்படுவது; வீட்டில் பயன்படுத்தும் சோதனைப் பட்டைகள் இதனையே காட்டுகின்றன. எனினும் இது அளவில் பெரிய புரதமாகும். எளிதில் காற்றில் கலப்பதன்று. எனவே நாய் ஏதேனும் மண வேறுபாட்டை உணருமாயின், அது வியர்வை, மூச்சு, சிறுநீர் ஆகியவற்றில் உள்ள, எளிதில் ஆவியாகும் பிற சேர்மங்களின் மாற்றமாகவே இருத்தல் கூடும்.

உடல் சாராத மணமாற்றங்களும் உள்ளன. மசக்கைக் காலத்தில் பல பெண்கள் தாளிப்பு, மீன், காப்பி முதலியவற்றின் மணத்தைத் தவிர்க்கின்றனர்; தலைக்கு வைக்கும் எண்ணெயையும் பூவையும் மாற்றுவோரும் உளர். நாயைப் பொறுத்தவரை இவையும் பெரிய மாற்றங்களே.

செவிப்புலன்

மனிதர் ஏறத்தாழ 20,000 ஹெர்ட்சு வரையிலான ஒலியைக் கேட்கின்றனர். நாய் 40,000 ஹெர்ட்சுக்கு மேலும், பூனை 60,000 ஹெர்ட்சுக்கு மேலும் கேட்க வல்லவை. இதனைக் கொண்டு, கருவிலுள்ள குழந்தையின் இதயத்துடிப்பை அவை கேட்கின்றன என்று கூறுவதுண்டு. ஆனால் அவ்விதய ஒலி தாழ்ந்த அதிர்வெண் கொண்டது, மிக மெல்லியது. உயர்ந்த அதிர்வெண்களைக் கேட்கும் ஆற்றல் இதற்கு நேரடியாக உதவுவதில்லை.

வெப்பமும் உடலசைவும்

கருமுட்டை வெளிப்பட்டபின் பெண்ணின் ஓய்வுநிலை உடல்வெப்பம் ஏறத்தாழ 0.3 முதல் 0.5 பாகை செல்சியசு வரை உயர்கிறது; கருவுற்றால் அவ்வுயர்வு சில காலம் தொடர்கிறது. பூனைகள் வெதுவெதுப்பான இடத்தை நாடும் இயல்புடையவை. பெண் பகலில் கூடுதலாகப் படுத்திருப்பதும் பூனை அவர் மடியில் வந்து அமர்வதற்கு வாய்ப்பாகிறது.

விலங்குகள் மனிதரின் உடலசைவை நுட்பமாகப் படிக்க வல்லவை என்பதற்கு ஜெர்மனியின் "கெட்டிக்கார ஹான்ஸ்" என்னும் குதிரை புகழ்பெற்ற எடுத்துக்காட்டாகும். இக்குதிரை கணக்குகளுக்குக் குளம்பைத் தட்டி விடை கூறுவதாக நம்பப்பட்டது. 1907 ஆம் ஆண்டில் உளவியலாளர் ஆஸ்கர் புஃபுங்ஸ்ட் தம் ஆய்வின் வழி, வினவுவோர் தம்மை அறியாமல் செய்த சிறு தலையசைவுகளைக் கண்டே குதிரை தட்டுவதை நிறுத்தியது என்று காட்டினார். கருவுற்ற பெண்ணின் நடை மெதுவாவதும், அவர் உட்காரும் எழும் முறை மாறுவதும் இத்தகைய விலங்குகளின் கண்ணுக்குத் தப்புவதில்லை.

ஆய்வுகள்

பயிற்சி பெற்ற நாய்கள் இனப்பெருக்கம் சார்ந்த மணங்களை வேறுபடுத்தி அறிவது சோதனைகளில் காட்டப்பட்டுள்ளது. பசுக்கள் பருவத்திற்கு வந்திருப்பதை நாய்கள் மணத்தால் கண்டறிந்ததைப் பற்றிய அமெரிக்க ஆய்வு 1978 இல் வெளியானது. 2013 இல் அமெரிக்காவின் சின்சினாட்டி விலங்குக் காட்சிச்சாலை, பனிக்கரடிகளின் சாணத்தை முகர்ந்து அவை சினையாக உள்ளனவா என்று கூறுமாறு எல்விஸ் என்னும் பீகிள் இன நாய்க்குப் பயிற்சி அளிக்கப்பட்டதை அறிவித்தது. 2022 இல் வெளியான பெல்பாஸ்ட் குயின்ஸ் பல்கலைக்கழக ஆய்வில், மன அழுத்தத்துக்கு முன்னும் பின்னும் ஒருவரிடம் எடுக்கப்பட்ட வியர்வை, மூச்சு மாதிரிகளை நான்கு நாய்கள் ஏறத்தாழ 94 விழுக்காடு சரியாக வேறுபடுத்தின.

இவை அனைத்தும் குறிப்பிட்ட மணத்துக்குப் பரிசு கொடுத்துப் பயிற்றுவிக்கப்பட்ட நாய்கள். பயிற்சி பெறாத வீட்டு நாய் தானாகவே மனிதக் கருவுறுதலை இனங்காணும் என்பதற்குக் கூறப்படுவன பெரும்பாலும் வளர்ப்போரின் அனுபவக் கூற்றுகளே. கருவுற்றது தெரிந்தபின் பழைய நிகழ்வுகளை நினைவுகூர்வதால், பொருந்துவன மட்டும் நினைவில் நிற்கும் வாய்ப்பு அதிகம்.

சோதனைக்கூட விலங்குகள்

ஒரு காலத்தில் கருவுறுதலை உறுதிசெய்ய விலங்குகளே பயன்பட்டன. 1920களின் இறுதியில் ஜெர்மனியைச் சேர்ந்த ஆசைம், சோண்டெக் ஆகியோர், பெண்ணின் சிறுநீரை இளம் பெண் எலிகளுக்கு ஊசி வழிச் செலுத்தி அவற்றின் சூலகங்களை ஆராயும் முறையை உருவாக்கினர். பின்னர் முயலும், ஆப்பிரிக்க நகத் தவளையும் பயன்பட்டன. கருவுற்ற பெண்ணின் சிறுநீர் செலுத்தப்பட்ட தவளை ஒரு நாளுக்குள் முட்டையிடும். 1960களில் நோயெதிர்ப்பியல் முறைகள் வந்தபின் இவை வழக்கொழிந்தன. இச்சோதனைகளில் விலங்கின் உடல் இயக்குநீருக்குத் துலங்கியதே அன்றி விலங்கு எதையும் "உணர்ந்து" கூறவில்லை.

பொய்ச் சினை

கருத்தடை செய்யப்படாத பெண் நாய்களில், பருவகாலம் முடிந்து ஏறத்தாழ 6 முதல் 8 வாரங்களுக்குப் பின் பொய்ச் சினை தோன்றுவதுண்டு. மடி பெருத்தல், பால் சுரத்தல், மூலையில் துணிகளைச் சேர்த்துப் படுத்தல், பொம்மையைக் குட்டி போல் காத்தல் ஆகியன இதன் அறிகுறிகள். வீட்டுப் பெண்ணும் அதே காலத்தில் கருவுற்றிருப்பின், நாய் அவருக்காகவே இவ்வாறு நடப்பதாக எண்ணப்படுகிறது. இது நாயின் சொந்த இயக்குநீர்களால் நிகழ்வதாகும்.

தமிழ்நாட்டுச் சூழல்

தமிழ்நாட்டு நாயினங்களுள் ஒன்றான கன்னி, மணப்பெண்ணுக்குச் சீராகக் கொடுக்கப்பட்டதால் அப்பெயர் பெற்றது என்று கூறுவர். கடலூர்–சிதம்பரம் சாலையை ஒட்டி, சிப்காட் தொழிற்பேட்டைப் பகுதியில் உள்ள குடிகாடு போன்ற சிற்றூர்களில் விலங்கு வளர்ப்பு நகரத்து அடுக்குமாடிகளில் உள்ளதினின்றும் வேறுபட்டது. நாய் வாசலிலும் தெருவிலும் திரிந்து வீட்டில் சோறு உண்பது. பூனை பல வீடுகளுக்குப் பொதுவானது. ஆடு, மாடு, கோழி ஆகியனவும் அருகிலேயே வாழ்கின்றன.

வளைகாப்பு பெரும்பாலும் ஏழாம் அல்லது ஒன்பதாம் மாதத்தில் நடைபெறுகிறது. அதன்பின் தலைப்பேற்றுக்காகப் பெண் தாய்வீடு செல்வது வழக்கம். அவர் கையால் உண்டு பழகிய நாய் சில நாட்கள் உணவைக் குறைப்பதும், வாசலில் காத்திருப்பதும், அறைகளில் தேடுவதும் பிரிவினால் ஏற்படும் நடத்தைகளாகும். இக்காலத்தில் வீட்டிலுள்ள மற்றொருவர் அதே நேரத்தில் உணவளித்தால் நாய் விரைவில் இயல்பு நிலைக்குத் திரும்பும். சில மாதங்கள் கழித்து அப்பெண் கைக்குழந்தையுடன் திரும்பும்போது, அவ்விலங்குக்குக் குழந்தை முற்றிலும் புதிய உயிர் என்பதை நினைவில் கொள்ளுதல் வேண்டும்.

உடல்நலப் பாதுகாப்பு

பூனையும் டாக்சோபிளாசுமா நோயும்

டாக்சோபிளாசுமா கோண்டி என்னும் ஒட்டுண்ணி 1908 இல் கண்டறியப்பட்டது. பூனைக் குடும்பமே இதன் முதன்மை விருந்தோம்பி என்பது 1970 அளவில் உறுதியானது. இக்கண்டுபிடிப்பில் இந்தியாவில் பிறந்த ஒட்டுண்ணியியலாளர் ஜே. பி. துபே பங்காற்றினார். கருவுற்ற காலத்தில் முதன்முறையாக இத்தொற்று ஏற்பட்டால் அது கருவைத் தாக்கலாம். கருச்சிதைவு, குழந்தையின் கண், மூளைப் பாதிப்பு ஆகியன நேரலாம்.

எனினும் பூனையை வீட்டை விட்டு அகற்ற வேண்டிய தேவையில்லை. தொற்றுற்ற பூனை பொதுவாக முதல் தொற்றின்போது ஒன்று முதல் மூன்று வாரங்கள் மட்டுமே ஒட்டுண்ணியின் முட்டைக்கூடுகளை மலத்தில் வெளியேற்றுகிறது. அவை தொற்றும் தன்மை பெற 1 முதல் 5 நாட்கள் ஆகின்றன. ஆகவே மலத்தை நாள்தோறும் வேறொருவர் அகற்றுவது நல்ல பாதுகாப்பாகும். தமிழ்நாட்டில் பூனைகள் பெரும்பாலும் தோட்ட மண்ணிலும், கட்டட வேலைக்குக் கொட்டிய மணலிலும் மலம் கழிப்பதால், கீரைப் பாத்தியில் வேலை செய்தபின் சோப்பினால் கை கழுவுதல் வேண்டும். நன்கு வேகாத இறைச்சியும், கழுவாத காய்கறிகளும் இந்நோய் பரவும் முக்கிய வழிகளாகும்.

நாய்க்கடி

கருவுற்ற பெண்ணை நாய் கடித்தால், கருவுக்குத் தீங்கு நேரும் என்று அஞ்சித் தடுப்பூசியைத் தள்ளிப்போடுவது உயிருக்கே ஆபத்தாகும். வெறிநாய்க்கடி நோயின் அறிகுறிகள் தோன்றியபின் மரணம் ஏறத்தாழ உறுதி. இந்தியாவில் முன்பு பயன்பட்ட, ஆட்டு மூளையிலிருந்து செய்யப்பட்ட செம்பிள் தடுப்பூசி வயிற்றில் பல நாட்கள் தொடர்ந்து போடப்பட்டது; நரம்புப் பக்கவிளைவுகளும் உடையது. அதன் உற்பத்தி 2004 இறுதியில் நிறுத்தப்பட்டது. இன்றைய உயிரணு வளர்ப்புத் தடுப்பூசிகள் கையிலேயே போடப்படுகின்றன; கருவுற்ற பெண்களுக்கும் பாலூட்டுவோருக்கும் இவற்றைத் தடையின்றிப் போடலாம். கடிபட்டவுடன் காயத்தைச் சோப்பும் ஓடும் நீரும் கொண்டு 15 நிமிடங்கள் கழுவி, காலம் தாழ்த்தாமல் அரசு மருத்துவமனையை அணுகுதல் வேண்டும். கருவுற்றிருப்பதை மருத்துவரிடம் தெரிவித்தல் நன்று. வீட்டு நாய்க்கு ஆண்டுதோறும் தடுப்பூசி போடுவது முதற்காப்பாகும்.

ஆடு மாடுகள்

ஆடு குட்டி ஈனும்போது வெளிப்படும் நீர், நச்சுக்கொடி ஆகியவற்றிலிருந்து கருச்சிதைவை ஏற்படுத்தும் நுண்ணுயிரிகள் பரவக்கூடும். கருவுற்ற பெண்கள் ஈற்றின்போது உதவுவதையும், கன்று வீசிய கால்நடையைத் தொடுவதையும் தவிர்த்தல் வேண்டும். புருசெல்லா நோயைத் தடுக்கப் பாலைக் காய்ச்சியே பருகுதல் வேண்டும்.

குழந்தை வருகைக்கு முன்

மேலே ஏறிக் குதிக்கும் நாய்க்கு அமரும் பயிற்சியைப் பேறுகாலத்துக்குச் சில மாதங்கள் முன்பே தொடங்குவது பயன்தரும். தூளி கட்டும் அறைக்குள் நாய் வரக்கூடாதாயின், அவ்வழக்கத்தையும் முன்கூட்டியே ஏற்படுத்தினால் குழந்தையின் வருகையோடு அதனை நாய் தொடர்புபடுத்தாது. குழந்தையைச் சுற்றிய துணியை முன்னதாக முகரக் கொடுக்கலாம். எவ்வளவு சாதுவான விலங்காயினும், குழந்தையுடன் தனியே விடுதல் கூடாது. திடீரென உறுமுதல், பல்லைக் காட்டுதல் ஆகியவற்றைப் பாசத்தின் வெளிப்பாடாகக் கொள்ளாமல் கால்நடை மருத்துவரிடம் காட்டுதல் வேண்டும்.

கருவுற்ற செய்தி தெரிந்தவுடன் அச்சத்தினால் விலங்கைத் தொலைவில் கொண்டுவிடுவோரும் உண்டு. பசிக்கோ தாகத்துக்கோ ஆளாகும் நிலையில் விலங்கைக் கைவிடுதல், 1960 ஆம் ஆண்டின் விலங்குவதைத் தடுப்புச் சட்டத்தின்படி குற்றமாகும்.