கேளாது கலைத்த சபைகள்

மலாயாவின் அவசரகாலத்தின்போது காட்டோரங்களிலே சிதறி வாழ்ந்த குடிகளைத் திரட்டி முள்வேலிக்குள் குடியேற்றிய புதுக்கிராமங்கள் ஜொகூர் மாநிலத்தில் ஏராளம். இரவில் வேலிக் கதவைத் தாண்டும் சுதந்திரமற்றிருந்த அந்த ஜனங்களுக்கே, 1952ஆம் ஆண்டின் ஸ்தல சபைச் சட்டம், தங்கள் சந்தையையும் சாக்கடையையும் தெருவிளக்கையும் பராமரிக்கத் தம்மில் சிலரை வாக்களித்துத் தெரிந்தெடுக்கும் உரிமையை வழங்கிற்று என்பது சரித்திரத்தின் விசித்திரங்களுள் ஒன்று.

வாக்கினால் வந்தவரை வாக்கின்றி விலக்கலாமா, விலக்குவதாயின் அவர் தரப்பைக் கேட்டாக வேண்டுமா என்ற கேள்வி வெகுசீக்கிரத்தில் எழுந்தது. 1965 மார்ச்சில், இந்தோனேசியாவுடனான மோதலைக் காரணங் காட்டி, ஊராட்சித் தேர்தல்கள் நிறுத்திவைக்கப்பட்டன. அதையொட்டிய காலத்தில் ஜொகூர் பாரு, பத்து பகாட், சிரம்பான், மலாக்கா, ஜார்ஜ்டவுன் ஆகிய நகரங்களின் மன்றங்கள்மீது நிர்வாகச் சீர்கேட்டுக் குற்றச்சாட்டுகள் எழும்பி, அவற்றின் அதிகாரம் மாநில அரசுகளின் கைக்குப் போயிற்று. குற்றச்சாட்டுகள் அனைத்தும் பொய்யென்று சொல்ல நான் துணியேன். ஆயினும் குற்றம் மெய்யென்பதால் விசாரணை அநாவசியமாகிவிடாது.

இவ்விஷயத்தில் மலாயாவுக்கு வழிகாட்டி இல்லாமற் போகவில்லை. அந்நாளில் நமது இறுதி மேல்முறையீட்டு நீதிமன்றமாயிருந்த லண்டன் பிரிவி கவுன்சில், 1962ஆம் ஆண்டிலே, சுரிந்தர் சிங் கண்டா என்ற மலாயாப் போலீஸ் இன்ஸ்பெக்டரின் வழக்கை விசாரித்தது. அவரை வன்மையாகக் கண்டித்த ஒரு விசாரணைக் குழுவின் அறிக்கை தீர்ப்பளித்த அதிகாரியின் மேஜைமேல் இருந்தது; கண்டாவின் கையிலோ அது தரப்படவில்லை. தன்மேல் என்ன சொல்லப்பட்டிருக்கிறதென்று அறியாதவன் எதற்குத்தான் பதில் கூறுவான்? அவரது பதவிநீக்கம் செல்லாதென்று தீர்ந்தது.

ஒரு போலீஸ் இன்ஸ்பெக்டருக்கு உரிய நியாயம் ஜனங்கள் தெரிந்தெடுத்த சபைக்கு உண்டா என்பதை அதே பிரிவி கவுன்சிலுக்குக் கொண்டுசென்றது யாழ்ப்பாணம். 1966 மே மாத இறுதியில் ஸ்தல ஸ்தாபன ஆணையாளர் யாழ்ப்பாணஞ் சென்று வந்து அறிக்கை தந்த சூட்டோடு, மே 29ஆம் தேதியே, மாநகர சபை தன் கடமைகளை ஆற்றத் திறனற்றதெனத் தமக்குத் தோன்றுவதாகக் கூறி, அமைச்சர் அதைக் கலைத்தார். சபையார் தரப்பில் விளக்கம் கேட்கப்படவில்லை. மேயர் அல்பிரட் துரையப்பா வழக்காடினார். கொழும்பு மாநகர சபை கலைக்கப்பட்ட முந்தைய வழக்கிலே, 'அமைச்சருக்குத் தோன்றினால்' போதும், மறுதரப்பைக் கேட்கவேண்டியதில்லை என்று இலங்கை நீதிமன்றம் தீர்த்திருந்தது. பிரிவி கவுன்சில் நீதிபதிகளான அப்ஜான் பிரபு முதலானோர் அக்கொள்கையைத் தள்ளினர்: சுயமாக இயங்கும் ஒரு சபையை, அதன் சொத்துக்களோடும் அதிகாரங்களோடும் ஒரே உத்தரவில் இல்லாமற் செய்வதென்றால், முதலில் குற்றச்சாட்டை அதனிடம் தெரிவித்து, அதன் சமாதானத்தைக் கேட்டே ஆகவேண்டும் என்றனர்.

ஆயினும் வென்ற நியாயத்தோடு துரையப்பா தோற்றே திரும்பினார். உத்தரவு அடியோடு செல்லாததன்று, பாதிக்கப்பட்ட சபையே முறையிட்டால் மட்டும் ரத்தாகத் தக்கது. மேயர் தனித்து வந்து முறையிட அருகதையற்றவர் என்று அவரது மனு தள்ளுபடியாயிற்று. கலைந்துபோன சபை எவ்விதம் கூடித் தீர்மானித்து வழக்குத் தொடுப்பது என்று கேட்கத் தோன்றுகிறது! தர்க்கத்தின் நுட்பம் சில வேளைகளில் நியாயத்தின் கழுத்தையே நெரித்துவிடுகிறது.

ஜொகூரிலோ இத்தர்க்கத்துக்கே இடமில்லாமற் போயிற்று. ஸ்தல ஸ்தாபனங்களை ஆராய நியமிக்கப்பட்ட அரச விசாரணைக் குழுவுக்குத் தலைமை வகித்தவர் தமிழரான செனட்டர் ஆதி நாகப்பன். 1968 டிசம்பரில் அளிக்கப்பட்ட அதன் அறிக்கை, ஜனப்பிரதிநிதித்துவம் நீடிக்கவேண்டுமென்றே பரிந்துரைத்தது. அரசாங்கம் அதை ஏற்கவில்லை. 1976ஆம் ஆண்டின் ஊராட்சிச் சட்டம், 15ஆம் பிரிவினால் தேர்தலை ஒழித்து, மன்ற உறுப்பினரை மாநில அரசே நியமிக்கச் செய்தது. அவர்களது பதவிக்காலம், நியமனம் இடையில் ரத்தாகாவிடில், 3 ஆண்டுக்கு மேற்படாது. கிராமத் தலைவரும் அவ்வாறே நியமிக்கப்படுபவர். ஆதலின், ஜொகூரின் ஒரு கிராமத்திலே தலைவரொருவர் நீக்கப்பட்டால், வாக்களித்த எங்களை ஏன் கேட்கவில்லையென்று வினவும் பாத்தியதை இன்று அக்கிராமத்தில் எவர்க்குமில்லை.