லூவர் வாசலில் யார் முதலில் நுழைவது?



இந்தச் சித்திரையில் பாரீஸ் போய்விட்டுப் போலகம் திரும்பியதிலிருந்து உங்களில் பலர் ஒரே கேள்வியைத்தான் கேட்கிறீர்கள். "சார், லூவர் மியூசியத்துக்கு வரிசையில் நிற்காமல் ஆளே வந்து உள்ளே கூட்டிப் போகிறார்களாமே, அந்தச் சீட்டை வாங்கலாமா, வீண் செலவா?" வாங்கலாம், வேண்டாம் என்று ஒரு வார்த்தையில் சொல்லிவிடலாம். ஆனால் வரலாற்று வாத்தியாரிடம் கேட்டுவிட்டீர்கள். வாசலில் நிற்கும் அந்த வரிசைக்கே ஒரு வரலாறு இருக்கிறது. அதைச் சொல்லிவிட்டு உங்கள் கேள்விக்கு வருகிறேன்.

லூவர் முதலில் ஒரு கோட்டை. 12-ஆம் நூற்றாண்டின் கடைசியில் பிலிப் அகஸ்து என்ற மன்னன் கட்டியது. பின்னால் வந்த மன்னர்கள் அதை அரண்மனையாக்கினார்கள். 14-ஆம் லூயி 1682-ல் அரசவையை வெர்சாய்க்கு மாற்றிக்கொண்டு போனான். ஓவியங்களும் சிலைகளும் மன்னரின் சொத்து. அவர் காட்ட நினைத்தவர்தான் பார்க்க முடியும்.

ஒன்பதாம் வகுப்பில் பிரெஞ்சுப் புரட்சி நடத்தும்போது பாஸ்தி சிறையைச் சொன்னோம், கில்லட்டினைச் சொன்னோம். பாடப் புத்தகத்தில் இல்லாத ஒன்று இது. 1792 ஆகஸ்டு 10 அன்று மக்கள் துயிலரி அரண்மனைக்குள் புகுந்து முடியாட்சியைச் சாய்த்தார்கள். சரியாக ஓராண்டு கழித்து, 1793 ஆகஸ்டு 10 அன்று, பக்கத்திலேயே இருந்த லூவர் பொது அருங்காட்சியகமாகத் திறக்கப்பட்டது. அன்று அங்கே இருந்தவை 537 ஓவியங்கள், 184 கலைப்பொருள்கள். கட்டணம் கிடையாது. நேற்றுவரை மன்னரின் வீடாக இருந்த இடத்தில் ரொட்டிக்காரரும் வண்ணாரும் காலணியோடு நடந்தார்கள்.

அப்போதே "யார் முதலில்?" என்ற கேள்வி வந்துவிட்டது. புரட்சி அரசு வாரத்துக்குப் பத்து நாள் என்று காலண்டரை மாற்றியது. அந்தப் பத்து நாளில் பொதுமக்களுக்கு மூன்று நாள்தான். மற்ற நாள்களில் பெரும்பகுதி, படங்களைப் பார்த்து எழுதிப் பழகும் ஓவியர்களுக்கு. ஆக, காத்திருக்காமல் உள்ளே போகும் உரிமையை அன்று வாங்கித் தந்தது தொழில், பணம் இல்லை. 1922 வரைக்கும் லூவருக்குள் போகக் காசு கேட்கவில்லை என்பதையும் நினைவில் வையுங்கள்.

நம் ஊருக்கும் அந்த ஆகஸ்டு மாதத்துக்கும் தொடர்பு உண்டு. காரைக்கால் 1739-ல் பிரெஞ்சுக்காரர் கைக்கு வந்த ஊர். லூவர் திறந்த அதே 1793 ஆகஸ்டில் ஆங்கிலேயர் புதுச்சேரியை முற்றுகையிட்டுப் பிடித்துக்கொண்டார்கள். நெப்போலியன் விழுந்த பிறகு, 1817-ல்தான் காரைக்கால் மறுபடி பிரெஞ்சுக் கொடிக்குக் கீழே வந்தது. பாரீசில் அரண்மனைக் கதவு குடிமக்களுக்குத் திறந்தபோது, குடிமக்கள் பட்டியலில் சேர வேண்டிய நம் முப்பாட்டன்மார் இங்கே யாருக்கு வரி கட்டுவது என்று தெரியாமல் நின்றிருப்பார்கள்.

இனி பயணத்துக்கு வருகிறேன். பாரீஸ் புறநகரில் இருக்கும் என் பெரியப்பா பேரன்தான் சீட்டு எடுத்திருந்தான். எனக்கு மகன் முறை. "சித்தப்பா, உங்க முழங்காலுக்கு ரெண்டு மணி நேரம் நிக்க முடியாது" என்று சொல்லி, வழிகாட்டியோடு சேர்ந்த சீட்டாக எடுத்துவிட்டான். கண்ணாடிப் பிரமிடுக்கு முன்னால் குதிரைமேல் இருக்கும் 14-ஆம் லூயி சிலையருகே வழிகாட்டி ஒரு சின்னக் கொடியோடு நின்றார். குழுக்களுக்கென்று இருக்கும் ரிஷ்லியே பக்கத்து வழியாக எங்களைக் கூட்டிப்போனார். வெளியே பெருங்கூட்டம் வெயிலில் நின்றது. நாங்கள் கால் மணி நேரத்தில் உள்ளே.

நமக்கு இது புதிதல்ல. சனிப்பெயர்ச்சியன்று திருநள்ளாற்றில் நளன் குளத்தில் முழுகிவிட்டு நிற்பவர்களைப் பார்த்திருக்கிறோம். இலவச வரிசை ஒரு பக்கம், கட்டண வரிசை ஒரு பக்கம், யாருடைய வரிசையிலும் நிற்காதவர்கள் இன்னொரு பக்கம். திருப்பதியில் 300 ரூபாய்ச் சீட்டு எடுக்காத குடும்பம் நம்மில் எத்தனை? எனவே லூவரைப் பார்த்து நாம் முகம் சுளிக்க வேண்டியதில்லை.

பணம் எதை வாங்குகிறது, எதை வாங்காது என்பதை மட்டும் தெரிந்துகொள்ளுங்கள். வாசல் வரிசை குறையும். சோதனைக் கருவிக்குள் பையை வைத்து எடுப்பதிலிருந்து யாருக்கும் விலக்கில்லை. மோனாலிசா இருக்கும் கூடத்தில் எல்லோரும் சமம். கயிறு கட்டி வளைத்து வளைத்து விட்ட வரிசையில் நகர்ந்து, ஒரு நிமிடம்கூட நிற்க விடாமல் அனுப்பிவிடுவார்கள். 77 சென்டிமீட்டர் உயரம், 53 சென்டிமீட்டர் அகலம். நம் வீட்டு நாள்காட்டியைவிடக் கொஞ்சம் பெரிது. அதற்கும் நமக்கும் நடுவே கைப்பேசிகளின் காடு.

அந்த வரிசை எப்படி வந்தது? லியொனார்தோ பெரிய ஓவியர், படமும் புகழ் பெற்றதுதான். ஆனால் ஊர் உலகமெல்லாம் அந்த முகத்தை அறிந்தது ஒரு திருட்டால். 1911 ஆகஸ்டு 21, திங்கட்கிழமை. அன்று லூவர் விடுமுறை. முன்பு அங்கே படங்களுக்குக் கண்ணாடி பொருத்தும் வேலை பார்த்த வின்சென்சோ பெருஜியா என்ற இத்தாலியர் படத்தைக் கழற்றி எடுத்துக்கொண்டு போய்விட்டார். காணாமல் போனது மறுநாள்தான் தெரிந்தது. இளம் ஓவியர் பிக்காசோவைக்கூடக் கூப்பிட்டு விசாரித்தார்கள். அருங்காட்சியகம் மறுபடி திறந்தபோது, வெறும் சுவரையும் ஆணியையும் பார்க்க ஆயிரக்கணக்கானோர் வரிசையில் நின்றார்கள். 1913 டிசம்பரில் படம் பிளாரன்சில் கிடைத்தது. இருந்தபோது வந்த கூட்டத்தைவிட இல்லாதபோது வந்த கூட்டம் அதிகப் பேச்சானது. வீட்டிலும் அப்படித்தானே?

அதே கூடத்தில் எதிர்ச்சுவரில் லூவரின் மிகப் பெரிய ஓவியம் இருக்கிறது. வெரோனேசே 1563-ல் முடித்த "கானாவூர்க் கல்யாணம்". அகலம் ஏறக்குறைய பத்து மீட்டர். வெனிசில் ஒரு மடத்தின் சாப்பாட்டுக் கூடத்துக்காக வரைந்தது. 1797-ல் நெப்போலியனின் படை அதை எடுத்துக்கொண்டு வந்தது. 1815-ல் நெப்போலியன் தோற்றதும் பல பொருள்கள் சொந்த ஊருக்குத் திரும்பின, இது திரும்பவில்லை. கூட்டம் முழுவதும் அதற்கு முதுகைக் காட்டிக்கொண்டு மோனாலிசாவைப் பார்க்கிறது. நான் அந்தப் பக்கம் திரும்பி இருபது நிமிடம் நின்றேன். யாரும் நகரச் சொல்லவில்லை.

கண்ணாடிப் பிரமிடு 1989-ல் திறந்தது. ஆண்டுக்குச் சுமார் 40 லட்சம் பேர் வருவார்கள் என்று கணக்கிட்டுக் கட்டிய வாசல். 2018-ல் ஒரு கோடியே 2 லட்சம் பேர் வந்தார்கள். 2024-ல் 87 லட்சம். 2025 ஜூனில் கூட்டம் தாங்க முடியவில்லை என்று ஊழியர்களே திடீரென வேலையை நிறுத்தினார்கள். அதே ஆண்டு அக்டோபர் 19 அன்று காலை, ஏணி வண்டியை வைத்துப் பால்கனி வழியாக ஏறி, சில நிமிடங்களில் அரச குடும்பத்து நகைகளை எடுத்துக்கொண்டு போனார்கள். உண்மையில் வரிசையில் நிற்காமல் நுழைந்தவர்கள் அவர்கள்தான் என்று எங்கள் வீட்டில் சிரித்தோம்.

சிரிக்க முடியாத ஒன்றும் இருக்கிறது. 2026 ஜனவரியிலிருந்து லூவரில் இரண்டு விலை. ஐரோப்பியப் பொருளாதாரப் பகுதியைச் சேர்ந்தவருக்கு 22 யூரோ. வெளியிலிருந்து வருபவருக்கு 32 யூரோ. அங்கே வசிக்கும் 26 வயதுக்கு உட்பட்டவர்களுக்கு இலவசம்.

எங்கள் குடும்பத்தில் இதை வைத்துப் பாருங்கள். என் பெரியப்பா சொல்தாவாக இந்தோசீனா போய் வந்தவர். அப்பா போலகத்திலேயே நிலத்தோடு இருந்தார். 1954 நவம்பர் 1 அன்று நிர்வாகம் இந்தியாவிடம் வந்தது. 1956 ஒப்பந்தம் 1962 ஆகஸ்டு 16-ல்தான் சட்டப்படி நடைமுறைக்கு வந்தது. அதிலிருந்து ஆறு மாதத்துக்குள் எழுதிக் கொடுத்தவர்கள் பிரெஞ்சுக் குடியுரிமையை வைத்துக்கொள்ளலாம். பெரியப்பா எழுதிக் கொடுத்தார். அப்பா கொடுக்கவில்லை. ஒரே தாழ்வாரத்தில் ஒரே இலையில் சாப்பிட்ட அண்ணன் தம்பி. அறுபத்து சொச்சம் வருடம் கழித்து, லூவரின் கட்டணப் பட்டியல்படி அந்தக் குடும்பத்துப் பெண் பிள்ளைக்குக் கட்டணம் இல்லை, அவள் அப்பாவுக்கு 22, எனக்கு 32. ஒரு கையெழுத்தின் விலை பத்து யூரோ என்று சொன்னால் பொய்யில்லை.

இதைக் குறையாகச் சொல்லவில்லை. தாஜ்மகாலில் இந்தியருக்கு 50 ரூபாய், வெளிநாட்டவருக்கு 1,100 ரூபாய். என் பெரியப்பா பேரன் ஆக்ரா போனால் அவன் 1,100 கட்ட வேண்டும், நான் 50. கணக்கு இரண்டு பக்கமும் உண்டு. ஆனால் 1793-ல் "இது எல்லோருக்கும்" என்று திறந்த கதவு அது என்பதை நினைக்கும்போது மனசு ஒரு நிமிடம் நிற்கத்தான் செய்கிறது.

மறுநாள் கிமே அருங்காட்சியகம் போனோம். லியோன் நகரத் தொழிலதிபர் எமில் கிமே தொடங்கியது. பாரீசில் 1889-ல் திறந்தது. 1945-ல் லூவரின் ஆசியப் பொருள்கள் அங்கே மாற்றப்பட்டன. சோழர் காலத்து நடராசர், 11-ஆம் நூற்றாண்டைச் சேர்ந்தவர், அங்கேதான் ஆடிக்கொண்டிருக்கிறார். வரிசை இல்லை, கயிறு இல்லை, கொடி பிடித்த வழிகாட்டி இல்லை. பாரீசில் பிறந்து வளர்ந்த பேத்தி கேட்டாள்: "தாத்தா, இவரு ஏன் இங்க இருக்காரு? இவருக்குப் பூ யாரு வைப்பாங்க?" இரண்டாவது கேள்விக்கு என்னிடம் பதில் இல்லை.

நம் காரைக்கால் அம்மையாரும் தாளம் தட்டியபடி நியூயார்க் மெட்ரோபாலிட்டன் அருங்காட்சியகத்தில் அமர்ந்திருக்கிறார். ஆஸ்திரேலியா வரை போன ஸ்ரீபுரந்தான் நடராசர் 2014-ல் திரும்பி வந்தார். லண்டனில் வழக்காடி 1991-ல் மீட்கப்பட்டவர் பத்தூர் நடராசர். மீண்டு வந்தாலும் பல சிலைகள் பாதுகாப்பு மையத்தில் பூட்டுக்குள்தான் இருக்கின்றன. அங்கே வரிசையும் இல்லை, வாசலும் இல்லை.

பாரீசின் பெரிய சிற்பி ரொதேன் 1913-ல் நடராசர் வடிவத்தைப் பற்றி மெய்மறந்து எழுதினார். அவர் இந்தியாவுக்கு வந்ததே இல்லை. சென்னை எழும்பூர் அருங்காட்சியகத்தின் இரண்டு நடராசர்களைப் புகைப்படத்தில்தான் பார்த்தார். ஒருவர் திருவாலங்காட்டுக்காரர், நம் அம்மையார் கடைசியில் போய்ச் சேர்ந்த தலம். இன்னொருவர் நமக்குப் பக்கத்து வேளாங்கண்ணி. புகைப்படத்துக்கே அவர் அப்படி உருகினார்.

இப்போது உங்கள் கேள்விக்குப் பதில். வயதானவர்களோ கைக்குழந்தையோ கூட இருந்தால் அந்தச் சீட்டை வாங்குங்கள், தப்பில்லை. இளையவர்கள் நேரம் குறித்த சாதாரணச் சீட்டை முன்கூட்டி எடுத்தாலே போதும். புதன், வெள்ளி இரவு 9 வரை திறந்திருக்கும், கூட்டம் குறைவு. செவ்வாய் விடுமுறை. மோனாலிசாவைப் பார்த்துவிட்டு மறக்காமல் திரும்பி எதிர்ச்சுவரையும் பாருங்கள். கிமேக்கு ஒரு அரை நாள் ஒதுக்குங்கள்.

பாரீஸ் போக வழியில்லாதவர்களுக்கு ஒன்று. காரைக்காலில் இரவு ரயில் ஏறினால் காலையில் சென்னை. எழும்பூரில் அந்த இரண்டு நடராசரும் இருக்கிறார்கள், நாகப்பட்டினத்து மண்ணில் கிடைத்த புத்தர்களும் இருக்கிறார்கள். 1851-ல் தொடங்கிய இடம். ரொதேனுக்குக் கிடைக்காதது நமக்கு ஒரு இரவுப் பயணத்தில் கிடைக்கிறது. கோடை விடுமுறை முடிவதற்குள் பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு போங்கள். போய்வந்தவர்கள் என்ன பார்த்தீர்கள் என்று கீழே எழுதுங்கள். வழக்கம்போல் மதிப்பெண் போடுகிறேன்.

அன்புடன்,
உங்கள் வரலாற்று வாத்தியார், போலகம்.