குதிருக்கு இரண்டு வாய்

எங்கள் கிராமத்து வீட்டில், கூடத்தை அடுத்த இருட்டறையில், ஆள் உயரத்துக்கு ஒரு மண் குதிர் இருந்தது. அறுவடை முடிந்ததும் ஏணி போட்டு ஏறி, மேல்வாய் வழியாக நெல்லைக் கொட்டுவார்கள். வேண்டும்போது அடியிலுள்ள சிறு துவாரத்தின் அடைப்பை எடுத்தால் நெல் தானே சரிந்து வரும். மேல்வாயில் யார் வேண்டுமானாலும் கொட்டலாம். கீழ்வாயின் அடைப்பை மட்டும் என் அத்தையைத் தவிர வேறு யாரும் தொடக்கூடாது.

அந்த அத்தை ஏகாதசியன்று ஒரு பருக்கைகூட உண்ணமாட்டாள். ஆனாலும் அன்றைக்கும் கிணற்றில் தண்ணீர் இழுப்பாள், மாட்டுக்கு வைக்கோல் போடுவாள், எங்களை அதட்டுவாள். "ஒன்றும் சாப்பிடாமல் உனக்கு எங்கிருந்து அத்தே இவ்வளவு பலம்?" என்று ஒரு தடவை கேட்டேன். "பெருமாள் கொடுக்கிறார், போடா!" என்றாள்.

பெருமாள் அதை எந்தக் குதிரில் வைத்துக் கொடுக்கிறார் என்பது எனக்கு வெகுநாள் கழித்துப் புத்தகங்களைப் படித்த பிறகுதான் தெரிந்தது. அந்தக் குதிர் கல்லீரல். அதற்கும் இரண்டு வாய் உண்டு. இதைக் கண்டுபிடிக்க மனிதர்களுக்குச் சரியாக நூறு வருஷம் பிடித்தது.

கதை ஒரு தோற்றுப்போன நாடகாசிரியரிடம் தொடங்குகிறது. கதை எழுதிப் பிழைக்கும் எனக்கு அவர்மீது தனி வாத்ஸல்யம் உண்டு. பெயர் கிளாட் பெர்னார். பிரான்ஸ் தேசத்தில், திராட்சைத் தோட்டக் குடும்பம் ஒன்றில் 1813-இல் பிறந்தவர். லியோன் நகரத்துக்குப் பக்கத்தில் ஒரு மருந்துக் கடையில் எடுபிடி வேலை பார்த்துக்கொண்டே ஒரு சிறு ஹாஸ்ய நாடகம் எழுதினார். அது மேடை ஏறிச் சுமாராக ஓடியும் விட்டது. போதாதா? உடனே ஐந்து அங்கத்தில் ஒரு சோக நாடகத்தை எழுதி எடுத்துக்கொண்டு பாரிஸுக்குப் போய், பெரிய விமர்சகர் ஒருவரிடம் காட்டினார். அவர் படித்துப் பார்த்துவிட்டு, "மருந்துக் கடையில் இருந்தவன்தானே நீ? வைத்தியம் படி" என்ற கருத்தில் புத்தி சொல்லி அனுப்பினார். நாடக உலகம் எதை இழந்ததோ தெரியாது. வைத்திய உலகம் பிழைத்தது.

அந்தக் காலத்துப் பண்டிதர்கள், சர்க்கரையை உண்டாக்கும் சக்தி தாவரங்களுக்கு மட்டுமே உண்டு என்று நம்பினார்கள். மிருகங்கள் அதை உண்டு செலவழிக்குமே தவிர உற்பத்தி செய்யா என்பது சித்தாந்தம். 1848-இல் பெர்னார் ஒரு நாய்க்கு வெறும் மாமிசம் மட்டுமே போட்டு வளர்த்து, அதன் கல்லீரலிலிருந்து வெளிவரும் ரத்தத்தைச் சோதித்தார். அதில் சர்க்கரை இருந்தது! உள்ளே போகாத பண்டம் வெளியே வருகிறதென்றால், அது வீட்டுக்குள்ளேயே தயாராகிறது என்றுதானே அர்த்தம்?

அடுத்து நடந்ததுதான் விசேஷம். ஈரலில் எவ்வளவு சர்க்கரை இருக்கிறது என்று அவர் எப்போதும் இரண்டு தடவை அளப்பது வழக்கம். ஒரு நாள் அவகாசம் இல்லாமல் ஒரு தடவை மட்டும் அளந்துவிட்டு, இரண்டாவதை மறுநாளைக்கு ஒத்திப்போட்டார். மறுநாள் அளந்தால் சர்க்கரை முன்னைவிட எவ்வளவோ அதிகமாக இருந்தது. வேறொருவராயிருந்தால் கணக்குப் பிசகு என்று தள்ளியிருப்பார். பெர்னார் தள்ளவில்லை. 1855-இல் ஒரு ஈரலை எடுத்து, அதன் ரத்தக் குழாய்களின் வழியே தண்ணீரைச் செலுத்தி, துளிச் சர்க்கரையும் இல்லாதபடி கழுவினார். 'எங்கப்பன் குதிருக்குள் இல்லை' என்கிற மாதிரி ஈரலும், "என்னிடம் ஒன்றும் இல்லை" என்று சாதித்தது. ஒரு நாள் அப்படியே வைத்திருந்து பார்த்தார். செத்த ஈரல் மறுபடியும் சர்க்கரையைச் சுரந்திருந்தது!

ஆகவே சர்க்கரை வேறு ஏதோ ரூபத்தில் உள்ளே ஒளிந்திருக்கிறது. 1857-இல் அதை வெள்ளை மாவாகப் பிரித்தெடுத்து, 'கிளைகோஜன்' என்று பெயரிட்டார். 'சர்க்கரையைப் பிறப்பிப்பது' என்று பொருள். ஈரலைக் கொதிக்கவைத்துவிட்டால் அந்த மாவு சர்க்கரையாக மாறுவதில்லை என்பதையும் கண்டார். நெருப்புக்கு அழியக்கூடிய ஏதோ ஒன்று மாவைச் சர்க்கரையாக்குகிறது என்பது இதிலிருந்து விளங்கியது. இப்போது நாம் என்ஸைம் என்றும் நொதி என்றும் சொல்வது அதைத்தான்.

இந்தக் கீர்த்திக்கு விலை இல்லாமல் இல்லை. எத்தனையோ நாய்களும் முயல்களும் அவர் மேஜைமேல் உயிரை விட்டன. அவருடைய மனைவிக்கு அது சகிக்கவில்லை. கடைசியில் இருவரும் பிரிந்தார்கள். 1878-இல் அவர் இறந்தபோது பிரெஞ்சு அரசாங்கமே மரியாதையுடன் சவ அடக்கம் நடத்தியது.

குதிர் இருக்கிறது; அதைத் திறப்பது யார்? இந்தக் கேள்வியை எடுத்துக்கொண்டவர்கள் ஒரு தம்பதி. கார்ல் கோரி, கெர்ட்டி கோரி. இருவரும் பிராக் நகரத்தில் ஒரே வருஷத்தில், 1896-இல், பிறந்தவர்கள். ஒன்றாக வைத்தியம் படித்தவர்கள். 1920-இல் விவாகம் செய்துகொண்டு, 1922-இல் அமெரிக்காவுக்குப் போனார்கள். அங்கே வரவேற்பு எப்படி இருந்தது? ஒரு பல்கலைக்கழகம் கார்லுக்கு வேலை தருவதாகச் சொல்லி, மனைவியோடு சேர்ந்து ஆராய்ச்சி செய்யக்கூடாது என்று நிபந்தனை போட்டது. "புருஷனோடு கூட நின்று வேலை செய்வது அமெரிக்கப் பண்பு அல்ல, அவர் முன்னேற்றத்துக்கு நீயே முட்டுக்கட்டை" என்று கெர்ட்டியை அழைத்துச் சொன்னார்கள். அந்த அம்மாள் அழுதாளாம். கார்ல் அந்த வேலையை வேண்டாமென்று உதறினார். 1931-இல் செயின்ட் லூயிஸ் நகரத்துப் பல்கலைக்கழகம் இருவரையும் ஏற்றுக்கொண்டது. கணவருக்கு ஆசிரியர் பதவி, மனைவிக்குச் சொற்பச் சம்பளத்தில் உதவியாளர் பதவி.

1936-இல் அவர்கள் தவளையின் தசையை அரைத்துக் கழுவிப் பார்த்தார்கள். பெர்னாரைப் போலவே மறுபடியும் கழுவல்தான்! கிளைகோஜன் நேராகச் சர்க்கரை ஆவதில்லை; முதலில் பாஸ்பேட் ஒட்டிய ஒரு சர்க்கரையாக வருகிறது என்று கண்டார்கள். கிளைகோஜன் என்பது கிளைவிட்ட மரம்போல நூற்றுக்கணக்கில், ஆயிரக்கணக்கில் சர்க்கரை மணிகள் கோத்த கோவை. அதன் நுனியிலிருந்து மணியை ஒவ்வொன்றாகக் கழற்றும் நொதிக்கு 'பாஸ்பாரிலேஸ்' என்று பெயர். அதைப் படிகமாகவே பிரித்தெடுத்தார்கள். தூங்குவது ஒன்று, விழித்திருப்பது ஒன்று என்று அதற்கு இரண்டு நிலை இருப்பதையும் கண்டார்கள். 1947-இல் தம்பதிக்கு நோபல் பரிசு கிடைத்தது. கெர்ட்டிக்குப் பேராசிரியர் பதவி கிடைத்ததும் அதே வருஷம்தான்! அப்போது அவளுக்கு வயது ஐம்பதுக்கு மேல். எலும்பு மஜ்ஜையைத் தாக்கும் தீராத நோய் இருப்பதும் அதே சமயத்தில் தெரிய வந்தது.

தூங்கும் நொதியை எழுப்புவது எது? இதைக் கண்டவர்கள் எட்வின் கிரெப்ஸ், எட்மண்ட் பிஷர் என்ற இரு நண்பர்கள். கிரெப்ஸ் கோரி தம்பதியின் சிஷ்யர். சியாட்டில் நகரத்தில் வேலை செய்யும்போது, தசைச் சாற்றை வடிதாளில் வடிகட்டினால் விழித்த நொதி கிடைத்தது. இயந்திரத்தில் சுழற்றித் தெளியவைத்தால் தூங்கும் நொதிதான் கிடைத்தது. மாயமந்திரமா? இல்லை. வடிதாளில் ஒட்டியிருந்த கால்ஷியம்தான் அந்த வேலையைச் செய்தது! கால்ஷியம் ஒரு நொதியை உசுப்ப, அந்த நொதி பாஸ்பாரிலேஸின்மேல் ஒரு பாஸ்பேட்டை ஒட்டவைக்கிறது. ஒட்டியதும் அது விழிக்கிறது. 1955-இல் இதை வெளியிட்டார்கள். இதில் ஒரு வேடிக்கை பாருங்கள். தசை சுருங்குவதற்கு உத்தரவு கொடுப்பதும் கால்ஷியம்தான். "வேலை செய்" என்ற கட்டளையும், "குதிரைத் திற" என்ற கட்டளையும் ஒரே வாயிலிருந்து ஒரே கணத்தில் பிறக்கின்றன.

இதுவரை எல்லோரும் ஒன்றை நம்பியிருந்தார்கள். கழற்றும் நொதியே மணிகளைக் கோக்கவும் செய்கிறது, அதாவது போட்ட வாய் வழியாகவே எடுக்கிறார்கள், என்பதுதான் அது. சோதனைக் குழாயில் கோரி தம்பதி அப்படிச் செய்தும் காட்டியிருந்தார்கள். ஆனால் உடம்பு சோதனைக் குழாய் அல்லவே! லண்டனில் மெக்ஆர்டில் என்ற டாக்டர் 1951-இல் ஒரு நோயாளியைப் பற்றி எழுதினார். கொஞ்சம் நடந்தாலும் தசை நோகும், நரம்பு இழுக்கும். அந்த நோய்க்காரர்களின் தசையில் பாஸ்பாரிலேஸே இல்லை என்று 1959-இல் தெரிந்தது. ஆனால் கிளைகோஜன் நிறைய இருந்தது! கழற்றுகிறவன் இல்லாத வீட்டில் கோத்தவன் யார்?

விடை 1957-இலேயே தயாராகியிருந்தது. அர்ஜென்டினாவில், போனஸ் அயர்ஸ் நகரத்தில், லூயிஸ் லெலுவார் என்பவர் கிளைகோஜனைக் கோக்கும் நொதி வேறு, அதற்கு வேண்டிய சரக்கும் வேறு என்று காட்டினார். பெர்னார் மாவைப் பிரித்து நூறு வருஷம் கழித்து, குதிருக்கு மேல்வாய் தனி என்பது நிச்சயமாயிற்று.

1963-இல் இன்னொரு ரகசியமும் வெளிப்பட்டது. கோக்கும் நொதியின்மேல் பாஸ்பேட் ஒட்டினால் அது தூங்கிவிடுகிறது! அதே ஒட்டு ஒருவனை எழுப்புகிறது, மற்றவனைத் தூங்கவைக்கிறது. பசியின்போது குளுகாகானும், பயத்தின்போது அட்ரினலினும் ஒட்டச் சொல்லுகின்றன. சாப்பிட்ட பின் இன்சுலின் ஒட்டைப் பிரிக்கச் சொல்லுகிறது. மேலே கொட்டக் கொட்டக் கீழே ஒழுகிக்கொண்டிருக்கும் குதிர் எந்தக் குடும்பத்துக்கு உதவும்?

நம் ஒவ்வொருவர் கல்லீரலிலும் சுமார் 100 கிராம் கிளைகோஜன் இருக்கிறது. தசைகளில் சுமார் 400 கிராம். ஆனால் தசை தன் சேமிப்பைத் தானே தின்றுவிடும், பிறருக்குக் கொடுக்காது. ஏனென்றால் சர்க்கரையிலிருந்து பாஸ்பேட்டைக் கழற்றி ரத்தத்தில் விடும் கடைசி நொதி அதனிடம் இல்லை. ஈரலிடம் அது உண்டு. ஊருக்குப் படி அளக்கும் மிராசுதார் அதுதான். ஏகாதசியன்று என் அத்தையின் மூளைக்கு வேண்டிய சர்க்கரையை முக்கால்வாசி நேரம் அளந்து கொடுத்ததும் அதுவேதான்.

அந்தக் கடைசி நொதி ஈரலிலேயே இல்லாமல் பிறக்கும் குழந்தைகள் உண்டு. வயிறு உப்ப, ஈரல் நிறையக் கிளைகோஜன் இருக்கும். ரத்தத்திலோ சர்க்கரை இராது. குதிர் நிறைய நெல்லை வைத்துக்கொண்டு குழந்தை பட்டினியில் மயங்கும். இதன் காரணத்தை 1952-இல் கண்டவர்கள் கோரி தம்பதிதான். பிறவி நோய் ஒன்றுக்கு ஒரு நொதியின் குறைவே காரணம் என்று இதனால் நிரூபிக்கப்பட்டது. நோயிலிருந்தபடி, அடிக்கடி ரத்தம் ஏற்றிக்கொண்டு, கெர்ட்டி அந்த வேலையைச் செய்தாள். 1957 அக்டோபர் 26-ந் தேதி காலமானாள். லெலுவார் மேல்வாயைக் காட்டிய அதே வருஷம்.

இப்போது அந்தக் குழந்தைகளுக்கு, வேகவைக்காத மக்காச்சோள மாவைத் தண்ணீரில் கரைத்து, இரவிலும் எழுப்பிக் கொடுக்கிறார்கள். அது மெள்ள மெள்ளக் கரைந்து சர்க்கரையாக ரத்தத்தில் சேர்கிறது. 1984-இலிருந்து நடப்பில் வந்த முறை இது. உள்ளே இருக்கும் குதிரைத் திறக்க முடியாதபோது, வெளியே ஒரு சிறு குதிர் கட்டிக்கொடுக்கிறார்கள். நள்ளிரவில் அலாரம் வைத்து எழுந்து மாவைக் கரைக்கும் அந்தத் தாய்மார்களுக்குக் கெர்ட்டி கோரி என்ற பெயர் தெரிந்திருக்கவேண்டும் என்பதில்லை. என் அத்தைக்கும்தான் தெரியாது. ஆனால் கீழ்வாயின் அடைப்பை யாரிடம் ஒப்படைப்பது என்பது மட்டும் அவளுக்கு நன்றாகத் தெரிந்திருந்தது. கடைசிவரையில் அதை எங்கள் ஒருவரிடமும் அவள் கொடுக்கவில்லை.